கோல் காக்க வரும் பிள்ளைகளுக்குப் பன்னிரண்டு அறிவுரைகள்

பொம்மையார்பாளையத்துப் பிள்ளைகளே, பக்கத்துக் குப்பங்களிலிருந்தும் மரக்காணம் உப்பளப் பக்கமிருந்தும் ஹாக்கி மட்டையோடு வந்து நிற்கும் தம்பி தங்கைகளே,

2025 டிசம்பரில் சென்னை எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் அரங்கில் நடந்ததை நீங்கள் பார்த்தீர்கள். ஜூனியர் உலகக் கோப்பைக் காலிறுதியில் பெல்ஜியத்தோடு 2-2 என்று சமனாகி, ஷூட்அவுட்டில் கோல்கீப்பர் பிரின்ஸ்தீப் சிங் தடுத்த தடுப்பில் இந்தியா கரையேறியது. பிறகு அர்ஜென்டினாவை 4-2 என்று வென்று வெண்கலமும் வாங்கியது. அந்த அணியின் பயிற்சியாளர், இரண்டு ஒலிம்பிக் வெண்கலம் வாங்கிய கோல்கீப்பர் ஸ்ரீஜேஷ். அதற்குப் பிறகு உங்களில் பலர் என்னிடம் வந்து, "நானும் கோல்கீப்பர் ஆகணும், என்ன செய்யணும்?" என்று கேட்கிறீர்கள்.

இளமை முழுவதும் கோல் கம்பங்களுக்கு நடுவில் நின்றவன் என்ற உரிமையில் பதில் சொல்கிறேன். ஒரு ஆட்டத்துக்கு 15 நிமிடமாக நான்கு பகுதி, மொத்தம் 60 நிமிடம். அதில் கோல்கீப்பரிடம் பந்து வந்து நிற்கும் நேரத்தைக் கூட்டினால் சில நிமிடம்தான் தேறும். மீதி முழுக்கக் காத்திருப்பு. அவன் தொழில் வாழ்க்கையும் அப்படியேதான் போகும். அணியில் இடத்துக்குக் காத்திருப்பான், காயம் ஆறக் காத்திருப்பான், வேலைக்குக் காத்திருப்பான். அந்தக் காத்திருப்பை வீணாக்காதவனே கோல்கீப்பராக நிலைக்கிறான். கீழே சொல்லும் பன்னிரண்டும் அதற்கான வழிகள்.

1. தள்ளிவிடப்பட்டாலும் விருப்பத்தோடு நில்

நம் ஊர் ஆட்டங்களில் யாரைக் கோலில் நிறுத்துவார்கள்? ஓட முடியாதவனை, சின்னவனை, புதிதாக வந்தவனை. அப்படி நிறுத்தப்பட்டால் மனம் சுருங்காதே. எர்ணாகுளம் பக்கம் கிழக்கம்பலத்தில் விவசாயக் குடும்பத்தில் பிறந்த ஸ்ரீஜேஷ், திருவனந்தபுரம் ஜி.வி.ராஜா விளையாட்டுப் பள்ளிக்குப் போனபோது தடகளப் பையன். குண்டு எறிந்தான், நீளம் தாண்டினான். அங்கே இருந்த பயிற்சியாளர்தான் கோலில் நிறுத்திப் பார்த்தார்.

உனக்கு இது ஒத்துவருமா என்று தெரிந்துகொள்ள ஒரு சோதனை போதும். முகத்துக்கு நேரே டென்னிஸ் பந்து வரும்போது உன் கண் மூடுகிறதா, திறந்திருக்கிறதா என்று கவனி. மூடினாலும் பழக்கத்தில் சரியாகும். ஆனால் அது சரியாகும்வரை உன் எதிரில் யாரும் ஹாக்கிப் பந்தை எடுக்கக் கூடாது.

2. கவசம் இல்லாமல் ஒரு பந்துக்கும் நிற்காதே

ஹாக்கிப் பந்தின் எடை 156 முதல் 163 கிராம். பந்தை மட்டையோடு இழுத்து வீசும் நல்ல டிராக் ஃபிளிக் மணிக்கு 100 கிலோமீட்டருக்கு மேல் வரும். முன்னாளில் கண்ணூர் மனுவேல் ஃபிரெடரிக் போன்றவர்கள் இன்றைய கவசத்தில் பாதிகூட இல்லாமல் நின்று 1972 மியூனிக்கில் வெண்கலம் வாங்கினார்கள். அந்தத் துணிச்சலை மதி, ஆனால் பின்பற்றாதே.

ஐஸ் ஹாக்கியிலும் இதே கதைதான். 1959 நவம்பர் 1 அன்று நியூயார்க்கில் நடந்த ஆட்டத்தில் மான்ட்ரியால் அணியின் கோல்கீப்பர் ஜாக் பிளான்ட்டின் முகத்தில் பந்துக்குப் பதிலாக அவர்கள் ஆடும் ரப்பர் வில்லை அடித்துக் கிழித்தது. தையல் போட்டுக்கொண்டு திரும்பியவர், முகமூடி இல்லாமல் களத்தில் இறங்கமாட்டேன் என்றார். முகமூடி கோழைத்தனம் என்று நினைத்த காலம் அது, அவருடைய பயிற்சியாளருக்கும் அதில் விருப்பமில்லை. பிளான்ட் விடவில்லை. இன்று உலகத்தில் எந்த ஐஸ் ஹாக்கி கோல்கீப்பரும் வெறும் முகத்தோடு நிற்பதில்லை.

நம் நாட்டிலும் ஒரு பெரிய துயரம் நடந்தது. 2009 ஜூலையில் புனே முகாமில் கோல்ஃப் பந்து வைத்துப் பயிற்சி செய்தபோது, இந்திய அணிக் கோல்கீப்பர் பல்ஜித் சிங்கின் வலது கண்ணில் பந்து பட்டது. நன்றாக ஆடிக்கொண்டிருந்தவரின் இந்திய அணிப் பாதை அதோடு முடிந்தது. ஆகவே சின்னப் பந்தில் பயிற்சி என்றால் டென்னிஸ் பந்து மட்டும். ஹாக்கிப் பந்து என்றால் ஹெல்மெட், கழுத்துக் காப்பு, மார்புக் கவசம், இடுப்புக் கவசம், கால் பேட், கிக்கர், இரண்டு கையுறை, அத்தனையும் இருந்தால்தான். ஒன்று குறைந்தாலும் அன்றைக்கு ஓடு, குதி, உடற்பயிற்சி செய். கோலில் நிற்காதே. பயிற்சியாளர் வற்புறுத்தினாலும் மரியாதையாக மறு.

3. உப்புக் காற்றிலிருந்து கவசத்தைக் காப்பாற்று

ஒரு முழுச் செட் கவசத்தின் விலை நம் வீடுகளுக்குப் பெரிய சுமை. ஸ்ரீஜேஷின் அப்பா பசுவை விற்றுத்தான் மகனுக்குப் பேட் வாங்கிக் கொடுத்தார். அதனால் உன் பள்ளியோ கிளப்போ கொடுக்கும் பழைய செட்டாக இருந்தாலும் அதைப் பொன்போல வைத்துக்கொள்.

நம் கரையில் காற்றே உப்பு. வியர்வையோடு பையில் கட்டி வைத்தால் ஒரு மழைக்காலத்தில் நுரை உளுத்து நாறிப்போகும், ஹெல்மெட்டின் கம்பியும் திருகாணியும் துருவேறும். ஆடி முடித்ததும் நல்ல தண்ணீரில் நனைத்த துணியால் துடை. வெயிலில் போடாதே, நுரை காய்ந்து வெடிக்கும். நிழலில், காற்றுப் படும்படி தொங்கவிடு. வாரத்துக்கு ஒருமுறை எல்லாத் திருகாணியையும் தொட்டுப் பார்த்து இறுக்கு. ஹெல்மெட்டில் விரிசல் கண்டால் ஒட்டுப்போட்டு ஆடாதே, அதற்கு வேறுதான் வாங்க வேண்டும்.

4. கையை விடக் காலை நம்பு

பார்க்கிறவர்களுக்குப் பாய்ந்து விழுந்து தடுப்பதுதான் கோல்கீப்பிங். உள்ளே நிற்பவனுக்குத் தெரியும், சரியான இடத்துக்கு இரண்டு சின்ன அடி எடுத்து வைத்திருந்தால் பாயவே வேண்டியதில்லை என்று. கோல் கோட்டின் ஒரு கம்பத்திலிருந்து மறு கம்பத்துக்கு, பாதம் பின்னிக்கொள்ளாமல், தோள் ஆடாமல் நகரப் பழகு.

இதற்கு நம் கடற்கரையைவிட நல்ல இடம் கிடையாது. அலை நனைத்து இறுகிய மணலில் வேகமான பக்கவாட்டு அடிகள் பழகு. உலர்ந்த மணலில் தொடைக்கு வலுவேற்று, ஆனால் கணுக்கால் பிசகாமல் பார்த்துக்கொள். புதுச்சேரித் துறைமுகத்தின் தடுப்புச் சுவர்கள் வந்த பிறகு வடக்கே இருக்கும் நம் கரைகளை ஆண்டுக்கு ஆண்டு கடல் தின்றுகொண்டிருக்கிறது. இருக்கும் மணலைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள். ஓட இடமில்லை என்று கிழக்குக் கடற்கரைச் சாலையில் மட்டும் விடியலில் ஓடாதீர்கள். அங்கே வண்டிகள் வரும் வேகத்துக்கு எந்தக் கவசமும் கிடையாது.

5. பந்து புறப்படுவதற்கு முன் பார்

கோல் 3.66 மீட்டர் அகலம், 2.14 மீட்டர் உயரம். 'டி' வட்டத்தின் விளிம்பு 14.63 மீட்டர் தூரம். அங்கிருந்து 100 கிலோமீட்டர் வேகத்தில் வரும் பந்து அரை வினாடியில் உன்னை அடைந்துவிடும். புறப்பட்ட பிறகு பார்த்து, யோசித்து, நகர நேரம் இருக்காது.

படகைத் தள்ளுவதற்கு முன் உன் தாத்தா கரையில் நின்று அலையின் எண்ணிக்கையையும் நீரின் நிறத்தையும் காற்றின் திசையையும் பார்ப்பாரே, அந்தப் பார்வைதான் உனக்கும் வேண்டும். அடிக்க வருகிறவனின் இடது தோள் எங்கே திரும்புகிறது, மட்டை பின்னால் எவ்வளவு போகிறது, பந்து அவன் முன்காலுக்கு அருகிலா தள்ளியா என்று பார். பந்து காலுக்கு நெருங்கியிருந்தால் அவனால் பலமாக வீச முடியாது, விலகியிருந்தால் நீட்டி அடிப்பான்.

அடுத்தது கோணம். பந்தையும் கோலின் நடுவையும் இணைத்து மனத்தில் ஒரு கோடு போட்டு, அந்தக் கோட்டின் மேல் நில். இரண்டு அடி முன்னே வந்தால் அடிக்கிறவன் கண்ணுக்குக் கோல் சுருங்கும். ரொம்ப முன்னே போனால் அவன் பக்கத்தில் தள்ளிவிட்டு உன்னைத் தாண்டிவிடுவான். எவ்வளவு முன்னே என்பதை உன் உயரமும் உன் வேகமும் சொல்லும். கோலுக்குப் பின்னால் ஒரு நண்பனை நிறுத்தி, எந்தப் பக்கம் எவ்வளவு இடைவெளி தெரிகிறது என்று சொல்லச் சொல். ஒரு மாதம் இப்படிப் பழகினால் உன் கால் தானே இடத்தைக் கண்டுபிடிக்கும்.

6. பெனால்டி கார்னரைப் பாடமாகப் படி

இன்றைய ஹாக்கியில் ஆட்டத்தைத் தீர்மானிப்பது பெரும்பாலும் பெனால்டி கார்னர். உன்னையும் சேர்த்து ஐந்து பேர்தான் கோல் கோட்டுக்குப் பின்னால் நிற்கலாம், மற்றவர்கள் நடுக்கோட்டுக்கு அப்பால் போய்விட வேண்டும். விதியைத் துல்லியமாகத் தெரிந்துகொள். முதல் அடி 'ஹிட்' என்றால் பந்து 460 மில்லிமீட்டர் உயரத்துக்குள், அதாவது கோலின் அடிப்பலகை உயரத்துக்குள் போனால்தான் கோல். ஃபிளிக் என்றால் அந்த உயரக் கட்டுப்பாடு கிடையாது. ஆகவே மட்டை தரையோடு இழுபடுகிறதா, பின்னால் தூக்கப்படுகிறதா என்று கண்டுகொண்ட நொடியே நீ நிற்க வேண்டுமா, படுக்க வேண்டுமா என்பது தெரிந்துவிடும்.

2021 ஆகஸ்ட் 2 அன்று டோக்கியோவில் இந்தியப் பெண்கள் அணி ஆஸ்திரேலியாவை 1-0 என்று வென்று ஒலிம்பிக் அரையிறுதிக்குப் போனது. அன்று ஆஸ்திரேலியாவுக்குக் கிடைத்த பெனால்டி கார்னர்களில் ஒன்றுகூடக் கோலாகவில்லை. கோலில் நின்றவர் ஹரியானா சிர்சா மாவட்டக் கிராமத்துப் பெண் சவிதா புனியா. அடுத்தடுத்து மூன்று முறை உலகின் சிறந்த கோல்கீப்பர் விருதைப் பெற்றார். தங்கச்சிகளே, அந்த ஆட்டத்தைத் தேடிப் பாருங்கள். அவர் பாய்ந்த இடங்களைவிட, முதலில் ஓடிவரும் தடுப்பாட்டக்காரியோடு அவருக்கு இருந்த உடன்பாட்டைக் கவனியுங்கள். ஓடுகிறவள் ஒரு பக்கத்தை அடைக்கிறாள், சவிதா மறுபக்கத்தை எடுத்துக்கொள்கிறார். இந்த உடன்பாடு ஆட்டத்துக்கு முன்பே பேசி முடிக்கப்பட வேண்டியது.

7. வாயைத் திற

மைதானம் முழுவதையும் நேருக்கு நேர் பார்க்கிற ஒரே ஆள் நீதான். உன் தடுப்பாட்டக்காரன் பந்தைப் பார்க்கிறான், அவன் முதுகுக்குப் பின்னால் ஓடுகிற ஆளைப் பார்ப்பதில்லை. அதை நீதான் சொல்ல வேண்டும். பேரைச் சொல்லிக் கூப்பிடு, பிறகு ஒரே ஒரு சொல்: "இடது", "ஏறு", "விடு", "என் பந்து". நீளமாகப் பேசினால் யார் காதிலும் ஏறாது.

நம் பிள்ளைகள் பெரியவர்கள் முன்னால் குரல் உயர்த்தக் கூச்சப்படுவார்கள். சீனியர் அண்ணன்கள் ஆடும் அணியில் சின்னப் பையனாக நின்றாலும், களத்துக்குள் நீ கத்துவது மரியாதைக்குறைவாகாது, அது உன் வேலை. ஆட்டம் முடிந்ததும் 'அண்ணே' என்று கைகொடு. கோல் விழுந்ததற்காகத் தடுப்பாட்டக்காரனை எல்லோர் முன்னாலும் திட்டுவது மட்டும் கூடாது. அடுத்த தாக்குதலில் உனக்கு முன்னால் உடம்பைக் கொடுக்கப்போகிறவன் அவன்தான்.

8. விழுந்த கோலைச் சுமந்துகொண்டு நிற்காதே

முன்கள வீரன் பத்து வாய்ப்பை வீணாக்கி ஒன்றைப் போட்டால் தோளில் தூக்குவார்கள். நீ பத்தைத் தடுத்து ஒன்றை விட்டால் அந்த ஒன்றைப் பற்றித்தான் பேசுவார்கள். இந்தத் தொழிலின் கணக்கு அது. வருத்தப்பட்டு அதை மாற்ற முடியாது.

1982 டெல்லி ஆசிய விளையாட்டு இறுதியில் இந்தியா பாகிஸ்தானிடம் 1-7 என்று தோற்றது. கோல்கீப்பர் மீர் ரஞ்சன் நேகியை விலைபோனவன் என்றே ஊர் பேசியது. யாரும் எதையும் நிரூபிக்கவில்லை. ஆனால் அந்தப் பழியோடு அவர் ஆண்டுகள் பலவற்றைக் கழித்தார். பிறகு பயிற்சியாளராகத் திரும்பி வந்தார். 1998 பாங்காக்கில் ஆசியத் தங்கம் வென்ற ஆண்கள் அணிக்குக் கோல்கீப்பர்களைத் தயார் செய்தார். 2002 மான்செஸ்டர் காமன்வெல்த் விளையாட்டில் தங்கம் வென்ற பெண்கள் அணியின் பயிற்சிக் குழுவிலும் இருந்தார்.

கோல் விழுந்ததும் ஒரு சின்னச் சடங்கை வைத்துக்கொள். பந்தை எடுத்துக் கொடு, கம்பத்தை மட்டையால் ஒருமுறை தொடு, உன் இடத்துக்கு வா. எங்கே தவறியது என்ற கேள்வியை இரவுக்கு ஒத்திவை. களத்தில் உனக்கு இருப்பது அடுத்த பந்து மட்டும். 2012 லண்டன் ஒலிம்பிக்கில் 12 அணிகளில் இந்தியா கடைசி. அந்த அணியில் ஸ்ரீஜேஷும் இருந்தார். இரண்டே ஆண்டில், 2014 இஞ்சியான் ஆசிய விளையாட்டு இறுதியில் பாகிஸ்தானை ஷூட்அவுட்டில் மடக்கித் தங்கம் வாங்கிக் கொடுத்தவரும் அவரே.

9. ஷூட்அவுட்டுக்கு நோட்டுப் புத்தகம் வை

ஷூட்அவுட்டில் எதிராளி 23 மீட்டர் கோட்டிலிருந்து புறப்படுவான். அவனுக்கு 8 வினாடிதான். இந்த 8 வினாடி உன் பக்கம் இருக்கிறது என்பதை மறக்காதே. அவன்தான் அவசரப்பட வேண்டும். வேகமாக முன்னே வந்து இடத்தைச் சுருக்கு, பிறகு நின்று, அவனை வெளிப்பக்கமாகத் தள்ளு. முதலில் விழுகிறவன் தோற்பான், ஆகவே முடிந்தவரை காலில் நில். வேண்டுமென்றே அவனை இடறிவிட்டால் பெனால்டி ஸ்ட்ரோக், 6.40 மீட்டரிலிருந்து. அதைத் தடுப்பது இன்னும் கடினம்.

நீ சந்திக்கும் ஒவ்வொரு முன்கள வீரனையும் நோட்டில் எழுது. எந்தக் கையால் திருப்புகிறான், கடைசி நேரத்தில் எந்தப் பக்கம் போகிறான், ரிவர்ஸில் அடிக்கிறானா என்பதெல்லாம் அதில் வர வேண்டும். மாவட்டப் போட்டியில் ஆடுகிறவனே நாளை மாநிலப் போட்டியிலும் வருவான். 2024 ஆகஸ்ட் 4 அன்று பாரிஸில் பிரிட்டனுக்கு எதிராக, சிவப்பு அட்டையால் ஓர் ஆளை இழந்து பத்துப் பேரோடு இந்தியா ஆட்டத்தை 1-1 என்று காப்பாற்றி, ஷூட்அவுட்டில் 4-2 என்று வென்றது. 36 வயதில் ஸ்ரீஜேஷை அங்கே நிறுத்தியது உடம்பு மட்டுமில்லை, பதினெட்டு ஆண்டுகளாகச் சேர்த்த அறிவும்தான்.

10. இரண்டாவது கோல்கீப்பராக இருக்கக் கற்றுக்கொள்

அணியில் முன்கள வீரர்கள் ஆறேழு பேர் மாறி மாறி இறங்கலாம். கோல்கீப்பரில் ஒருவர்தான் ஆடுவார், மற்றவர் பெஞ்சில் இருப்பார். ஒலிம்பிக்கில் அணிக்கு 16 பேர். பெரும்பாலான நாடுகள் அதில் ஒரு கோல்கீப்பருக்கே இடம் தருகின்றன.

நம் சென்னையில் வாழ்ந்த ரங்கநாதன் பிரான்சிஸ் பேரைக் கேட்டிருக்கிறீர்களா? ரங்கூனில் பிறந்தவர். 1948, 1952, 1956 என்று தொடர்ந்து மூன்று ஒலிம்பிக் தங்க அணிகளில் இருந்த கோல்கீப்பர். 1948-இல் லியோ பின்டோவோடும், 1956-இல் சங்கர் லட்சுமணோடும் இடத்தைப் பகிர்ந்துகொண்டவர். 1975 உலகக் கோப்பை வென்ற அணியில் அசோக் திவானோடு நம் தமிழ்நாட்டு லெஸ்லி பெர்னாண்டஸ் இருந்தார். 1980 மாஸ்கோவில் நம் வாசுதேவன் பாஸ்கரன் தலைமையில் தங்கம் வென்றபோது, பீர் பகதூர் செத்ரியோடு தமிழ்நாட்டு ஆலன் ஷோஃபீல்டு இருந்தார். தமிழ்நாட்டுக்கு ஹாக்கிக் கோல்கீப்பர் மரபு இல்லை என்று யாராவது சொன்னால் இந்தப் பேர்களைச் சொல்லுங்கள்.

நம் காலத்து உதாரணம் கிருஷன் பகதூர் பாதக். டோக்கியோவுக்கும் பாரிஸுக்கும் மாற்றுக் கோல்கீப்பராகவே போனார். ஸ்ரீஜேஷ் விலகிய பிறகு, 2025-இல் ராஜ்கிரில் தென்கொரியாவை 4-1 என்று வென்று இந்தியா ஆசியக் கோப்பை வாங்கியபோது கோலில் நின்றவர் அவர். பெஞ்சில் இருந்த ஆண்டுகளில் பயிற்சியைக் குறைத்திருந்தால் அந்த நாளில் அவரால் நின்றிருக்க முடியாது. முதல் கோல்கீப்பரைப் பகைக்காதே. ஆட்டத்துக்கு முன் அவனுக்குப் பந்து போட்டுத் தயார் செய்வதும் உன் ஆட்டம்தான்.

11. சான்றிதழையும் படிப்பையும் கவசம்போலக் காப்பாற்று

நம் ஊர் விழுப்புரம் மாவட்டம், தமிழ்நாடு. நாலு மைல் தெற்கே போனால் புதுச்சேரி. வீடு இங்கே, பள்ளி அங்கே என்று பல பிள்ளைகள் இருக்கிறீர்கள். இரண்டு பக்கமும் தனித்தனி ஹாக்கி அமைப்பு, தனித்தனித் தேர்வு. எந்த மாநிலத்துக்கு ஆடப்போகிறாய் என்பதை ஆரம்பத்திலேயே ஆசிரியரிடம் கேட்டு முடிவு செய். பாதி வழியில் மாறினால் தேர்வு நாளில் தகராறு வரும்.

தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் விளையாட்டு விடுதிகளுக்குக் கோடையில் தேர்வு நடக்கும். நம் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம். வீட்டில் கையில் காசில்லாத அதே நேரத்தில்தான் தேர்வுக்குப் பஸ் செலவும் சாப்பாட்டுச் செலவும் வரும். அதற்கான பணத்தை மாசி, பங்குனியிலேயே எடுத்து வையுங்கள். ஹாக்கிக்குப் பேர்போன கோவில்பட்டியில் ஆணையத்தின் சிறப்பு விடுதி இருக்கிறது. ஊர் தூரம் என்று அஞ்ச வேண்டாம். அரியலூர்ப் பையன் கார்த்தி செல்வம் அங்கே பயின்றுதான் இந்திய அணிக்குப் போனான்.

வேலைக்கு வரும்போது பேச்சு எடுபடாது, தாள்தான் எடுபடும். நாட்டுக்கு ஆடினால் படிவம் 1, தேசியப் போட்டியில் மாநிலத்துக்கு ஆடினால் படிவம் 2, பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டிக்குப் படிவம் 3, பள்ளிகளுக்கான தேசியப் போட்டிக்குப் படிவம் 4. போட்டி முடிந்த வாரத்திலேயே கையெழுத்தும் முத்திரையும் வாங்கிவிடு. பெஞ்சில் இருந்த போட்டிக்கும் வாங்கு. தமிழ்நாட்டு அரசு வேலையில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு உண்டு. ரயில்வே, வங்கி, காவல்துறை, ராணுவம் என்று அணி வைத்திருக்கும் இடங்களும் உண்டு. எங்கே போனாலும் பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் பட்டமும் கேட்பார்கள்.

ஹாக்கி இந்தியா லீக்கில் லட்சக்கணக்கில் ஏலம் போவதைப் பார்த்து வாழ்க்கையைத் திட்டமிடாதே. ஆண்களுக்கு எட்டு அணிகள், அணிக்கு இரண்டு கோல்கீப்பர் என்றால் பதினாறு இடம். அதிலும் ஒரு பங்கு வெளிநாட்டவருக்குப் போகும். அது கிடைத்தால் மகிழ்ச்சி. கிடைக்காவிட்டாலும் வீட்டில் அடுப்பு எரிய வேண்டும்.

12. ஆட்டம் முடிந்த பிறகான நாற்பது ஆண்டை இன்றே நினை

சங்கர் லட்சுமண் 1956, 1960, 1964 ஆகிய மூன்று ஒலிம்பிக் இறுதிகளிலும் கோல் காத்தவர். மூன்று இறுதிகளிலும் சேர்த்து அவர் விட்டது ஒரே ஒரு கோல். இரண்டு தங்கம், ஒரு வெள்ளி. 1966 ஆசிய விளையாட்டில் தலைவராக நின்று தங்கம் வாங்கினார், பத்மஸ்ரீ பெற்றார். அப்படிப்பட்டவர் 2006-இல் மத்தியப் பிரதேசத்து மோ நகரில் காலில் அழுகல் நோயோடு வறுமையில் இறந்தார். மனுவேல் ஃபிரெடரிக்குக்கு ஒலிம்பிக் பதக்கம் கிடைத்து 47 ஆண்டுகள் கழித்துத்தான், 2019-இல் தயான் சந்த் விருது வந்தது. பாராட்டு நேரத்துக்கு வரும் என்று நம்பி உட்கார்ந்திருக்க முடியாது.

ஆகவே இன்னொரு கைத்தொழிலையும் கற்றுக்கொள். லடாக்கில் உறைந்த குளங்களில் ஐஸ் ஹாக்கி ஆடுகிறார்கள். அங்கே குளிர்காலம் மட்டுமே ஆட்டக்காலம். இந்தியப் பெண்கள் ஐஸ் ஹாக்கி அணிக்குக் கோல் காத்த நூர் ஜஹான், பழைய ஓவியங்களையும் சுவர்ச் சித்திரங்களையும் சீர்செய்து பாதுகாப்பதை முறையாகப் படித்துத் தொழிலாகச் செய்பவர். உனக்குப் படகு எஞ்சின் பழுதுபார்ப்பதாக இருக்கலாம், கணக்கெழுதுவதாக இருக்கலாம், பிசியோதெரபியாக இருக்கலாம். எதுவானாலும் முழுமையாகக் கற்றுக்கொள்.

உடம்பையும் கேள். முட்டி வீங்கினால் தைலம் தேய்த்துக்கொண்டு நிற்காதே, மருத்துவரிடம் போ. 2017-இல் முட்டியின் தசைநார் கிழிந்த ஸ்ரீஜேஷ் அறுவை செய்துகொண்டு, மாதக்கணக்கில் பொறுமையாக ஓய்வும் பயிற்சியும் எடுத்துத்தான் திரும்பினார். அந்தப் பொறுமை இல்லாமல் அவசரப்பட்டிருந்தால் டோக்கியோவும் பாரிஸும் அவருக்கு இருந்திருக்காது. விலக வேண்டிய நாள் வரும்போது, அவரைப்போல அடுத்த தலைமுறைக்குக் கற்றுக்கொடுக்க வா.

பெற்றோருக்கு ஒரு வார்த்தை. பிள்ளை கோல்கீப்பர் ஆகிறேன் என்றால் தடுக்காதீர்கள். கோல் விழுந்த நாளில் வீட்டில் அதைப் பற்றிக் கேலி பேசாதீர்கள். ஊர்ப் பெரியவர்களுக்கும் பள்ளி ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள். பந்தலுக்கும் பட்டாசுக்கும் பணம் திரட்டும் நாம், ஊர்ப் பொதுவில் இரண்டு முழுச் செட் கோல்கீப்பர் கவசம் வாங்கி வைப்போம். ஆண் பிள்ளைகளுக்கு ஒன்று, பெண் பிள்ளைகளுக்கு ஒன்று. கவசம் இருந்தால் இந்தக் கரையில் பிள்ளைகள் பயமில்லாமல் கோலில் நிற்பார்கள். அப்படி நிற்பவர்களுக்குத் தெரிந்ததையெல்லாம் சொல்லிக்கொடுக்க நான் இருக்கிறேன்.